கொள்ளிடத்து மணலில் பிஸ்கட்!

தஞ்சாவூரில் அரியலூர் பஸ் ஏறினால் எப்படியாவது ஜன்னலோர சீட்டைப் பிடித்துவிடுங்கள், கர்ச்சீப் போட்டாவது. ஏனென்றால் இந்த வழியில் ஆறு எண்ணலாம். வடவாறு, வெண்ணாறு, வெட்டாறு, குடமுருட்டி, காவிரி... திருவையாறைத் தாண்டுவதற்குள் ஐந்து. ஊர்ப் பெயரிலேயே கணக்கு இருக்கிறது, பாருங்கள். அதற்கும் அப்பால் ஆறாவது ஆறு, கொள்ளிடம்.

முதல் ஐந்தும் 'இதோ வந்தது, இதோ போச்சு' ரகம். பக்கத்து சீட்காரர் கண்டக்டருக்குச் சில்லறை தேடி முடிப்பதற்குள் கடந்துவிடும். கொள்ளிடம் அப்படியில்லை. பாலம் போய்க்கொண்டே இருக்கும். கீழே மணல், மணல், மணல். எங்கோ ஓரமாக வேட்டிக்கரை மாதிரி கொஞ்சம் தண்ணீர். (வெள்ளக் காலத்தில் கதையே வேறு, இரண்டு கரையையும் தொட்டுக்கொண்டு கடல் மாதிரி போகும்.) பாலம் முடிகிற இடத்தில் திருமானூர்.

இந்த ஊருக்கு ஒரு விசேஷம் உண்டு. ஓர் அங்குலம்கூட நகராமல் ஜில்லா விட்டு ஜில்லா போன ஊர். 1995 வரை திருச்சி மாவட்டம். அந்த வருஷம் பெரம்பலூர் மாவட்டம் பிறந்ததும் இது பெரம்பலூர். 2001 ஜனவரியில் அரியலூர். 2002-ல் 'வேண்டாம், திரும்பி வா' என்று மறுபடி பெரம்பலூர். 2007 நவம்பரில் மறுபடி அரியலூர்! ரப்பர் ஸ்டாம்ப் செய்கிறவர்களைத் தவிர வேறு யாருக்கும் இதில் பெரிய லாபம் இருந்திருக்கும் என்று தோன்றவில்லை.

மண்ணும் இங்கேதான் கட்சி மாறுகிறது. தெற்குக் கரையில் வாழையும் கரும்பும் நெல்லுமாகக் குளுகுளு தஞ்சாவூர். வடக்குக் கரையில் ஆற்றை ஒட்டிக் கொஞ்ச தூரம் அதே பச்சை. புள்ளம்பாடி வாய்க்கால் புண்ணியத்தில் வயல். இன்னும் வடக்கே போனால் சோளம், பருத்தி, செம்மண், சுண்ணாம்புக்கல், சிமென்ட் லாரி. கோடிக்கணக்கான வருஷங்களுக்கு முன்னால் அரியலூர்ப் பக்கமெல்லாம் கடல். அந்தக் கடல் ஜந்துக்களின் ஓடுகள்தான் இன்று மூட்டை மூட்டையாக சிமென்ட் ஆகி, நாம் லோன் போட்டு வாங்கும் ஃபிளாட்டுக்கு வருகிறது. கிழக்கே ஜெயங்கொண்டம், ஆண்டிமடம் பக்கம் போனால் முந்திரித் தோப்புகள். முந்திரியை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

நான் அங்கே போனது கோயிலுக்கு இல்லை. (பிரம்மச்சாரி வாசகர்கள் போக வேண்டிய கோயில் ஒன்று மேற்கே திருமழபாடியில் இருக்கிறது. பங்குனியில் அங்கே நந்திக்குக் கல்யாணம் நடக்கும். 'நந்தி கல்யாணம் பார்த்தால் முந்திக் கல்யாணம்' என்பார்கள். பஸ் ரூட் விசாரித்துக்கொள்ளவும்.) நான் போனது பிஸ்கட்டுக்கு. மாமா வீட்டில் அத்தை ஓட்ஸ் பிஸ்கட் சுடுகிறாள், அதுவும் ஓவன் இல்லாமல் என்று அம்மா போனில் சொன்னாள். பி.காம். படித்தவனுக்கு எதையும் நேரில் போய் 'வெரிஃபை' பண்ணாமல் இருப்புக்கொள்ளாது.

"வாடா மாப்ளே" என்று வரவேற்ற மாமா, என் கையிலிருந்த திருவையாறு அசோகா பொட்டலத்தைப் பார்த்ததும் முகம் மலர்ந்தார். அத்தை அதை விட வேகமாக வந்து வாங்கி, பீரோவுக்குள் வைத்துப் பூட்டினாள். "அவருக்கு சுகர் வந்து ஏழு மாசம் ஆச்சுப்பா. உங்கம்மா சொல்லலையா?"

நம் ஊருக்கு ஓட்ஸ் வந்த வழியே அதுதான். இட்லி, தோசை, பொங்கல் எல்லாம் பசி வந்து சாப்பிடுவது. ஓட்ஸ் டாக்டர் சீட்டில் எழுதி வருவது. மாமாவுக்கும் அப்படித்தான் வந்தது. காலையில் ஒரு கிண்ணம் கஞ்சி. முதல் நாளே ஒரு வாய் வைத்துவிட்டு, "எலெக்‌ஷன் டயத்துல போஸ்டர் ஒட்டுவோமே, அந்தப் பசைக்கு உப்புப் போட்ட மாதிரி இருக்கு" என்று தீர்ப்புச் சொல்லிவிட்டார். இரண்டு பாக்கெட் அலமாரியில் அப்படியே உட்கார்ந்திருந்தது.

அவரைச் சொல்லிக் குற்றமில்லை. வட இந்தியாவில் ஓட்ஸைப் பெரும்பாலும் மாட்டுத் தீவனமாகத்தான் விதைக்கிறார்கள். இங்கிலாந்திலும் ஒரு காலத்தில் குதிரைக்குப் போடுவது என்றுதான் பேர். 1755-ல் அகராதி எழுதிய சாமுவேல் ஜான்சன், ஸ்காட்லாந்துக்காரர்கள் இதை மனுஷ சாப்பாடாகச் சாப்பிடுவதை அகராதியிலேயே கிண்டல் செய்தார். அட்டைப் பெட்டியில் அடைத்து, தொப்பிக்காரர் படம் போட்டு அதற்கு மரியாதை வாங்கித் தந்தது அமெரிக்க வியாபாரம். க்வேக்கர் டிரேட் மார்க்கை 1877-ல் பதிவு செய்தார்கள். நமக்குக் கடையில் கிடைக்கிற அவல் மாதிரியான சங்கதி, உமி நீக்கிய தானியத்தை ஆவியில் வேகவைத்து, உருளைகளுக்கு நடுவே விட்டு நசுக்கியது. ஆவி காட்டாவிட்டால் அதிலிருக்கும் எண்ணெய் சீக்கிரமே காறல் அடித்துவிடும். ஆக, அத்தை சொல்கிற மாதிரி, "அவல் மாதிரிதானேப்பா... வெள்ளைக்காரன் அவல்!"

அந்த வெள்ளைக்கார அவலைப் பிஸ்கட்டாக்கும் யோசனை மெல்போர்னிலிருந்து வந்தது. மாமாவின் மூத்த பெண் அங்கே இருக்கிறாள். வாட்ஸப்பில் பார்த்து, 'அப்பா கஞ்சி குடிக்கலேன்னா இதைப் பண்ணிக் குடும்மா' என்று ஆஸ்திரேலியக்காரர்களின் 'ஆன்ஸாக்' பிஸ்கட்டுக்குக் கணக்கு அனுப்பினாள்.

ஆன்ஸாக் என்பது முதல் உலகப் போரில் ஆஸ்திரேலிய, நியூஸிலாந்துப் படைகளுக்குப் பெயர். 1915 ஏப்ரல் 25-ந் தேதி கலிப்போலியில் கரையிறங்கிச் செத்தவர்கள் நினைவாக அந்த நாள் இன்றும் அங்கே விடுமுறை. அந்தப் பெயரில் ஒரு பிஸ்கட். ஓட்ஸ், மாவு, வெண்ணெய், தேங்காய்த் துருவல், சர்க்கரைப் பாகு, சோடா. முட்டை கிடையாது, அதனால் நாள்பட நிற்கும். கப்பலேறிப் போர்க்களத்துக்குப் போன பிஸ்கட் என்று பெருமையாகச் சொல்லிக்கொள்வார்கள். 'ஆன்ஸாக்' என்ற சொல்லைக் கண்டபடி பயன்படுத்தக் கூடாது என்று 1921-லிருந்து அங்கே சட்டம் இருக்கிறது. பிஸ்கட்டுக்குப் பெயர் வைக்கலாம். ஆனால் 'குக்கீ' என்று சொன்னால் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். அமெரிக்காக்காரன் பாஷையாம்! ரோஷக்காரர்கள்.

முட்டை இல்லை, தேங்காய் இருக்கிறது, பாகு இருக்கிறது என்றதும் அத்தைக்குப் பிடித்துவிட்டது. ஏதோ அதிரசத்துக்குத் தூரத்துச் சொந்தம் மாதிரி தெரிந்ததாம். ஒரே ஒரு இடத்தில்தான் இடித்தது. "ஓவனை நூத்தியறுபது டிகிரியில் வை" என்றிருக்கிறாள் பெண்.

"நம்ம அடுப்புல நூத்தியறுபது எங்கடி இருக்கு? சிம்மு, ஹை... ரெண்டுதானே இருக்கு!"

பஞ்சாப், டெல்லிப் பக்கம் என்றால் இதற்கு வழி உண்டு. வீட்டிலிருந்து மாவு, நெய், சர்க்கரை கொண்டுபோய்த் தெருமுனை பேக்கரியில் கொடுத்தால், கூலி வாங்கிக்கொண்டு டின் நிறையப் பிஸ்கட் சுட்டுத் தருவார்கள். திருமானூரில் அந்தப் பழக்கம் இல்லை. அத்தை கண்டுபிடித்த வழி, பொரிகடலைக்காரர் வழி.

வேர்க்கடலை வறுக்கிறவரை நின்று பார்த்திருக்கிறீர்களா? வாணலி நிறைய மணல். மணல் காய்ந்ததும் கடலையைக் கொட்டிக் கிளறுவார். கடலை நேராக இரும்பில் படாது. எந்தப் பக்கமும் கருகாது. சல்லடையில் போட்டு ஒரு ஆட்டு, மணல் கீழே, கடலை மேலே. பொரி பொரிப்பதும் அதே சித்தாந்தம். மணல் சீக்கிரம் சூடாகாது. ஆனால் ஏறின சூட்டை லேசில் விடாது. அடுப்பின் தீ நாலு இடத்தில் குத்துவதை வாங்கி, மேலே எல்லா இடத்துக்கும் சமமாகப் பங்கு போடும். ஓவன் என்று நாம் ஆயிரக்கணக்கில் காசு கொடுத்து வாங்குவதும் இதைத்தானே செய்கிறது!

அத்தையின் ஓவன் ஒரு ரிட்டையர் ஆன குக்கர். கேஸ்கட் கிடையாது, வெயிட் கிடையாது. அடியில் இரண்டு விரல் உயரத்துக்கு மணல். அதன் மேல் ஒரு வளையம், வளையத்தின் மேல் வெண்ணெய் தடவிய தட்டு. (புதுக் குக்கரில் இந்த வேலை செய்யாதீர்கள். தண்ணீரில்லாமல் காய்ச்சினால் பாத்திரம் கெடும், வீட்டில் இருப்பவர்கள் அதைவிடக் கெடுவார்கள். அடி கனமான பழைய இரும்புச் சட்டிக்கு மூடி பொருந்தினால் அது இன்னும் உத்தமம். மணல் கிடைக்காத பட்டணவாசிகளுக்குக் கல்லுப்பு.)

மூடி போட்டு, நடுத்தரமான தீயில் கால் மணி. பிறகு உள்ளே ஒரு துண்டு வெள்ளைத் தாள். ஐந்து நிமிஷத்தில் தாள் டீ கறை மாதிரி இளம்பழுப்பானால் பதம். அதற்கு முன்பே கறுத்தால் சூடு ஜாஸ்தி. அப்படியே வெள்ளையாகச் சிரித்துக்கொண்டிருந்தால் இன்னும் காய வேண்டும். அத்தையின் நூத்தியறுபது டிகிரி இதுதான். மெல்போர்னுக்குப் போட்டோ போயிருக்கிறது.

இப்போது சாமான். ஒரு கப் ஓட்ஸை வெறும் வாணலியில் வாசனை வரும் வரை வறுத்துக்கொள்வது. ஒரு கப் கோதுமை மாவு, முக்கால் கப் கொப்பரைத் துருவல். உலர்ந்த திராட்சை, பேரீச்சம்பழம், முந்திரி மூன்றும் சேர்த்து ஒரு கப். பொடியாக நறுக்கி, அந்த மாவிலேயே ஒரு புரட்டுப் புரட்டினால் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு கட்சி கட்டாது. திராட்சை மகாராஷ்டிரத்து நாசிக், சாங்லி பக்கத்திலிருந்து வருவது. பேரீச்சை பாலைவனத்திலிருந்து. முந்திரி மட்டும் நம் சொந்த ஜில்லா. அதிலும் அத்தை முழு முந்திரி வாங்குவதில்லை, உடைசல். "உடைக்கத்தானே போறோம், அதுக்கு எதுக்கு முழுசுக்குக் காசு குடுக்கணும்?" காஸ்ட் அக்கவுன்டன்ஸியில் இதை மூன்று வருஷம் நடத்தினார்கள் எனக்கு.

முக்கால் கப் வெல்லத்தை மூன்று ஸ்பூன் தண்ணீரில் கரைத்து வடிகட்ட வேண்டும். கட்டாயம் வடிகட்ட வேண்டும். மணல் குக்கருக்குள் இருப்பதுதான் முறை, பிஸ்கட்டுக்குள் இருப்பதல்ல. வடித்த பாகில் நூறு கிராம் வெண்ணெயைப் போட்டு உருக்கி, அடுப்பை அணைத்துவிட்டு, அரை ஸ்பூன் ஆப்ப சோடாவை ஒரு ஸ்பூன் வெந்நீரில் கரைத்து ஊற்றினால்... புஸ்ஸென்று பொங்கும். முக்கொம்பில் ஷட்டரைத் தூக்கின மாதிரி. கொஞ்சம் பெரிய பாத்திரமாக எடுத்துக்கொள்வது நல்லது. இந்த நுரையை மாவில் கொட்டிக் கரண்டியால் சேர்த்தால் போதும். சப்பாத்தி மாவு மாதிரி அறைந்து பிசைந்தால் கோதுமையில் இருக்கும் பசை இழுத்துக்கொண்டு, பிஸ்கட் செருப்புத் தைக்கிறவர் தேடும் பதத்துக்கு வந்துவிடும். மாவு உதிர்ந்தால் ஒரு ஸ்பூன் பால் தெளிக்கலாம்.

நெல்லிக்காய் அளவு உருட்டி, உள்ளங்கையில் லேசாக அமுக்கி, இடைவெளி விட்டுத் தட்டில் வைக்க வேண்டும். மேலே எட்டிப் பார்க்கும் திராட்சையை உள்ளே தள்ளிவிடுங்கள், இல்லாவிட்டால் அது மட்டும் கருகிக் கசக்கும். ஒரு ஈட்டுக்கு ஏழெட்டுத்தான் கொள்ளும். தீயைக் குறைத்து மூடினால் இருபதிலிருந்து இருபத்தைந்து நிமிஷம்.

இங்கேதான் மாமா மாதிரி ஆசாமிகள் ஏமாறுவார்கள். மூடியைத் திறந்து தொட்டுப் பார்த்தால் பிஸ்கட் மெத்தென்று இருக்கும். "வேகலைடி, இன்னும் பத்து நிமிஷம் வை" என்று முதல் தடவை அவர் அடம்பிடித்து வைக்க வைத்ததில், ஒரு ஈடு முழுக்கக் கரி. சூட்டில் வெல்லமும் வெண்ணெயும் இளகின நிலையில் இருக்கும். ஆறினால்தான் இறுகி மொறுமொறுப்பாகும். ஓரம் சிவந்திருந்தால் எடுத்துவிட வேண்டியதுதான். பிஸ்கட் என்கிற வார்த்தைக்கே லத்தீன் மூலத்தில் 'இரண்டு முறை சுட்டது' என்று அர்த்தம். அந்தக் காலத்துக் கப்பல்காரர்கள் ஈரம் போவதற்காக அப்படிச் செய்தார்கள். நாம் ஒரு முறையோடு நிறுத்திக்கொள்ளலாம்.

நான் சாப்பிட்டேன். முதலில் வெல்ல வாசனை, அப்புறம் வறுத்த தேங்காய், கடைசியில் பல்லில் ஓட்ஸ் நெருநெருவென்று. பேக்கரிக் கண்ணாடி ஜாடிப் பிஸ்கட்டின் பளபளப்பு கிடையாது. ஒவ்வொன்றும் ஒவ்வொரு சைஸ். டீயில் தோய்த்தால் உடனே விழாது. இது ஆபீஸ்வாசிகளுக்கு முக்கியமான தகவல். நாலு ஈடு சுட்டால் முப்பது வரும், ஏறக்குறைய இரண்டு மணி நேரம் ஆகும். எவர்சில்வர் சம்படத்தில் இறுக்கி மூடினால் இரண்டு வாரம் நிற்கும். அடைமழைக் காலத்தில் வெல்லம் ஈரம் இழுத்து நமுத்துப் போகும்.

மாமாவுக்கு நாளைக்கு இரண்டு. அதற்கு மேல் ஒரு துண்டு கிடையாது. அவர் கட்சி என்னவென்றால், "ஓட்ஸ்தானேடா, டாக்டரே சொன்னதுதானே?" என் பக்கம் திரும்பி நியாயம் கேட்டார்.

நான் கால்குலேட்டரை எடுத்தேன். ஓட்ஸில் கரையும் நார்ச்சத்து ஒன்று இருக்கிறது. தினம் மூன்று கிராம் அது உள்ளே போனால் இதய நோய் அபாயம் குறைய உதவலாம் என்று பெட்டி மேல் போட்டுக்கொள்ள அமெரிக்க அரசு 1997-ல் அனுமதித்தது. ஒரு கப் ஓட்ஸில் அது மூன்றரை கிராம் சுமாருக்கு இருக்கும். முப்பது பிஸ்கட்டில் அது பரவிவிட்டது. ஆக, மூன்று கிராம் வேண்டுமானால் மாமா ஒரே நாளில் இருபத்தைந்து பிஸ்கட்டுக்கு மேல் சாப்பிட வேண்டும். கூடவே வெல்லம் அரைக் கப்புக்கு மேல். உலர்ந்த திராட்சை என்பது தண்ணீரை மட்டும் விட்டுவிட்டு சர்க்கரையை அப்படியே வைத்துக்கொண்ட பழம். எடையில் பாதிக்கு மேல் சர்க்கரைதான். பேரீச்சையும் அதே ஜாதி.

"அப்ப கஞ்சிதான் மருந்து, இது தின்பண்டம்ங்கிற?"

"ஆமா மாமா."

அவர் என்னை அசோகா பொட்டலத்தைப் பார்த்த பார்வையில் பார்க்கவில்லை. ஆனால் இரண்டு பிஸ்கட் நிச்சயம் என்பதற்காக இப்போது காலையில் அந்தப் பசையையும் குடித்துவிடுகிறாராம். அத்தையின் நிபந்தனை அது. கிண்ணம் காலியானால்தான் சம்படம் திறக்கும்.

மறுநாள் காலை மாமாவோடு டூவீலரில் கரைவெட்டி ஏரிக்குப் போனேன். 1999-ல் பறவைகள் சரணாலயம் ஆனது. 2024-ல் ராம்சர் பட்டியலிலும் சேர்ந்தது. இமயமலைக்கு அந்தப் பக்கத்திலிருந்து வரித்தலை வாத்துக்கள் இங்கே குளிர்காலம் கழிக்க வரும். பையில் நாலு பிஸ்கட் இருந்தது. பறவைக்குப் போடக் கூடாது என்று அவ்வளவு பேருக்கும் நல்லது நினைத்து நாங்களே தின்றுவிட்டோம். மாமாவின் ரேஷன் அன்றைக்கு அங்கேயே முடிந்தது.

திரும்பும்போது ஆற்றங்கரையில் நிறுத்தினார். "அந்த மணலு எங்கிருந்து மாமா, இங்கேர்ந்து அள்ளினதா?" என்று கேட்டேன்.

சட்டென்று குரல் மாறிவிட்டது. "இதுலேர்ந்து ஒரு பிடி எடுக்க மாட்டோம்டா."

2018-ல் இங்கே கொள்ளிடத்தில் மணல் குவாரி வரக் கூடாது என்று ஊரே திரண்டு போராடியது. காரணம் கேட்டால் கரையில் டீக்கடை வைத்திருப்பவரும் சொல்வார். மணல் வெறும் மணலில்லை, தண்ணீர் டேங்க். வெள்ளம் வரும்போது மணலுக்கு இடையில் இறங்கித் தங்குகிற தண்ணீர்தான் கோடையில் கிணற்றிலும் போரிலும் வருவது. மேலே பொட்டலாக இருக்கும் ஆற்றில், சின்ன வயதில் இரண்டு முழம் கையால் தோண்டி ஊற்றுத்தண்ணீர் குடித்தவர் மாமா. மணலை வழித்துவிட்டால் வெள்ளம் வழுக்கிக்கொண்டு கடலுக்கு ஓடிவிடும். கீழே களிமண்தான் மிஞ்சும். தூரத்து ஊர்களுக்கெல்லாம் குடிதண்ணீர் போவது கொள்ளிடத்து மணலுக்கு அடியிலிருந்துதான். அதே 2018 ஆகஸ்டில் வெள்ளம் வந்து, முக்கொம்பில் கொள்ளிடத்து அணையின் ஒன்பது மதகுகள் அடித்துக்கொண்டு போனது. "மண்ணை எடுத்தா ஆறு சும்மா இருக்குமாடா?" என்றார் மாமா. இன்ஜினீயர்கள் வேறு காரணங்களும் சொல்லக்கூடும். கரையில் நின்றுகொண்டு நான் வாதாடவில்லை.

அத்தையின் மணல், வீட்டுக்கு மேல்மாடி கட்டியபோது மூலையில் மிச்சமானது. ஒரு படி. சலித்து, கலங்கல் போகும்வரை ஏழெட்டுத் தண்ணீரில் அலசி, இரண்டு நாள் வெயிலில் காயவைத்து, ஒரு பால்பவுடர் டின்னில் போட்டு வைத்திருக்கிறாள். ஈரம் பட்டால் மறுபடி காயவைப்பது. சுட்டு முடித்து ஆறினதும் அளந்து அதே டின்னில் கொட்டுகிறாள். போன பொங்கலுக்குப் பக்கத்து வீட்டுக்காரம்மா கேக் செய்யக் கேட்டபோது, டின்னோடு கொடுத்து டின்னோடு திரும்பி வாங்கியிருக்கிறாள்.

பஸ்ஸுக்கு நேரமிருந்தது. பழக்க தோஷம், டிக்கெட்டின் பின்புறம் காஸ்ட் ஷீட் போட்டேன். பெரிய தலை வெண்ணெய். அடுத்தது முந்திரி, உடைசலாக இருந்தும். ஓட்ஸ் மூன்றாவது இடம்தான். கேஸ், இரண்டு மணி நேரத்துக்கு. அத்தையின் சம்பளம் வழக்கம்போல் நில். மணலை எந்தத் தலைப்பில் எழுதுவது என்றுதான் தெரியவில்லை. வாங்கின விலை இல்லை, தேய்மானமும் இல்லை. போன வருஷம் ஒரு படி, இந்த வருஷமும் ஒரு படி.

"ஏம்ப்பா, எழுதி முடிச்சாச்சா? இதப் பிடி" என்று ஒரு சம்படத்தை நீட்டினாள் அத்தை. "பிஸ்கட் உங்க ஆபீஸ் பசங்களுக்கு. சம்படம் திரும்பி வரணும்."